பிடித்துத் தைத்த நீலச் சட்டை

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் நாங்கள் எல்லோரும் தொளதொளவென்றுதான் சட்டை தைத்துக்கொள்வோம். தோள் மூட்டைத் தாண்டிக் கீழே இறங்க வேண்டும், நடக்கும்போது காற்று புகுந்து முதுகுப் பக்கம் உப்ப வேண்டும். அதுதான் அப்போது அழகு. என்னிடமும் அப்படி ஐந்தாறு சட்டைகள் இருந்தன. நல்ல உடம்போடு இருந்தபோதே அவை லூசு. டி.பி. வந்து படுத்து எழுந்த பிறகு, கொடியில் காயப்போட்டது போல என்மேல் தொங்கின.

அப்போது நான் கீழ்பென்னாத்தூர்ப் பக்கம் ஒரு பள்ளியில் கணக்கு ஆசிரியன். குடியிருந்தது திருவண்ணாமலையில், பே கோபுரத்துக்குப் பக்கத்தில் ஒரு வாடகை வீடு. மனைவிக்கு அரசு அலுவலகம் ஒன்றில் டைப்பிஸ்ட் வேலை. ஒரே மகள், ஐந்து வயது. மாதக்கணக்கில் இருமிக்கொண்டே பாடம் நடத்தியிருக்கிறேன். சாக்பீஸ் தூசு என்று நானே சொல்லிக்கொண்டிருந்தேன். கைக்குட்டையில் ரத்தத்தைப் பார்த்த பிறகுதான் ஆஸ்பத்திரிக்குப் போனேன். டாக்டர் மாத்திரையும் ஊசியும் எழுதிக் கொடுத்துவிட்டு, குழந்தையைக் கொஞ்ச நாள் வேறு வீட்டில் வைத்திருப்பது நல்லது என்றார்.

அன்று சாயங்காலமே அடி அண்ணாமலையிலிருந்து என் அக்கா வந்து மகளை அழைத்துக்கொண்டு போனாள். அக்கா வீட்டில் ஆடு குட்டி போட்டிருந்தது. அந்தக் குஷியில் அவள் திரும்பிக்கூடப் பார்க்காமல் பஸ் ஏறிவிட்டாள். அழுதது என் மனைவிதான்.

மாத்திரை வேலை செய்தது. முதலில் காய்ச்சல் விட்டது, பிறகு இருமல் நின்றது, பசி எட்டிப் பார்த்தது. கடைசியாக எடுத்த சளிப் பரிசோதனையில் கிருமி இல்லை என்று வந்ததும், குழந்தையை அழைத்துக்கொள்ளலாம், கோடை விடுமுறை முடிந்து பள்ளி திறந்ததும் வேலைக்கும் போகலாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆனால் உடம்பு மட்டும் எந்த அவசரமும் காட்டவில்லை. இளைத்தது இளைத்தபடியே இருந்தது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மகளை அக்கா கூட்டிக்கொண்டு வந்தாள். நான் நீலக் கட்டம் போட்ட சட்டையை எடுத்துப் போட்டுக்கொண்டேன். அது மகளுக்குப் பிடித்த சட்டை. அதன் பையிலிருந்து பேனாவை உருவி எடுப்பதுதான் அவளுடைய விளையாட்டு. வாசலில் போய் நின்றேன். அக்காவின் புடவைக்குப் பின்னால் இருந்து அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். பிறகு அக்காவின் கையை இழுத்துக் கேட்டாள்.

"அத்த, எங்க அப்பா சட்டைய இவரு ஏன் போட்டுக்கிட்டு இருக்காரு?"

அக்கா அவளை அதட்டினாள். மனைவி தூக்க வந்தாள். மகள் வீட்டுக்குள் வரவே இல்லை, ஆட்டைப் பார்க்கப் போக வேண்டும் என்று அடம்பிடித்தாள். கட்டாயப்படுத்த வேண்டாம் என்று நான்தான் சொன்னேன். குழந்தைதானே, நாலு நாளில் சரியாகிவிடும், அடுத்த வாரம் நீங்களே வந்து கூட்டிக்கொண்டு போங்கள் என்று அக்கா சமாதானம் சொல்லிவிட்டு அவளோடு திரும்பிப் போனாள்.

நான் உள்ளே போய்க் கண்ணாடியில் பார்த்தேன். அவள் சொன்னதில் தப்பே இல்லை. காலருக்குள் கழுத்து தனியாக நின்றது. தோள் தையல் முழங்கைக்குப் பாதி வழி இறங்கியிருந்தது. பக்கத்தில் இன்னொரு ஆள் நுழைகிற அளவுக்குத் துணி.

தெருமுனையில் டெய்லர் இருந்தார். பல வருஷமாக என் அளவு அவருக்கு மனப்பாடம். அவர் முன்னால் கையை விரித்து நிற்க எனக்கு மனம் வரவில்லை. டேப்பைப் பார்த்துவிட்டு என்னைப் பார்ப்பார். என்ன சார் இப்படி ஆயிட்டீங்க என்று கேட்பார். தெருவில் அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லியே ஓய்ந்துபோயிருந்தேன்.

வீட்டில் ஒரு தையல் மிஷின் இருந்தது. மனைவி கல்யாணத்தோடு கொண்டுவந்தது. எப்போதாவது தலையணை உறை தைப்பாள், ஜாக்கெட்டைப் பிரித்து விடுவாள். மற்ற நாட்களில் நான் அதன்மேல் பரீட்சைப் பேப்பர் வைத்துத் திருத்துவேன். மறுநாள் அவள் ஆபீசுக்குப் போன பிறகு மூடியைத் திறந்தேன். ஊசியில் நூல் கோப்பதற்குள் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அடிநூல் சிக்கிக்கொண்டு பந்தாக வெளியே வந்தது. விடவில்லை. பழைய துணியில் ஓட்டி ஓட்டிப் பார்த்து, மத்தியானத்துக்குள் ஏதோ ஒரு மாதிரி தையல் விழ ஆரம்பித்தது.

சட்டையை உள்பக்கம் வெளியே வரும்படித் திருப்பிப் பரப்பினேன். ஸ்கேலை வைத்து, அக்குளிலிருந்து கீழ் மடிப்பு வரை இரண்டு பக்கமும் சாக்பீசால் நேர்க்கோடு போட்டேன். கணக்கு வாத்தியார் வேறு எப்படிப் போடுவான்? கோட்டின் மேலேயே தைத்தேன். திருப்பிப் போட்டுப் பார்த்தால் உடம்போடு ஒட்டி, பார்க்க நன்றாகவே இருந்தது. போர்டில் எழுதுவது போல சுவரை நோக்கிக் கையைத் தூக்கினேன். கை பாதியில் நின்றுவிட்டது. இன்னும் கொஞ்சம் தூக்கியதும் சட்டை மொத்தமும் மேலே ஏறி வயிறு தெரிந்தது. கழற்றலாம் என்றால் அக்குளில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு கழற்றவும் வரவில்லை.

அந்தக் கோலத்தில்தான் மனைவி வந்து பார்த்தாள். பையைக்கூட கீழே வைக்காமல் நின்று சிரித்தாள். நிறுத்த முயன்று, முடியாமல், சுவரில் சாய்ந்துகொண்டு சிரித்தாள். அந்த வீட்டில் அப்படி ஒரு சிரிப்பு கேட்டு எத்தனையோ மாதம் ஆகியிருந்தது. எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்தால் இருமல் வருமே என்று பயந்தேன். வரவில்லை.

என்னைச் சட்டையிலிருந்து உருவி எடுத்த பிறகு, எதற்கு இந்த வேலை என்று கேட்டாள். சொன்னேன். அவள் போய் டீ போட்டுக்கொண்டு வந்தாள். குடித்து முடித்ததும் இருவரும் உட்கார்ந்து நான் போட்ட தையலை எல்லாம் பிரித்தோம். ஆம்பளைச் சட்டை அவளுக்கும் தெரியாது, ஜாக்கெட்தான் தெரியும். ஆனால் கைக்கும் உடம்புக்கும் நடுவில் தையல் வெடுக்கென்று திரும்பினால் இழுக்கும், வளைந்து போக வேண்டும் என்பது அவளுக்குத் தெரிந்திருந்தது. அதை நான் காகிதத்தில் வரைந்து பார்த்தேன். கையின் ஓரத்தில் ஆரம்பித்து, அக்குளில் மெதுவாக வளைந்து, இடுப்பில் கொஞ்சம் உள்ளே போய், கீழே அகன்று முடிகிற ஒரே கோடு.

சட்டையைத் திருப்பிப் போட்டுக்கொண்டு நிற்கச் சொன்னாள். குண்டூசியை ஒவ்வொன்றாகக் குத்திக்கொண்டே வந்தாள். விலா எலும்பில் பட்ட இடத்தில் அவள் விரல் கொஞ்சம் நின்றது. பிறகு சாதாரணமாக, "மூச்ச நல்லா இழுத்து விடுங்க" என்றாள். இழுத்தேன். அதற்கு இடம் விட்டு இரண்டு குண்டூசியை நகர்த்திக் குத்தினாள்.

மிஷினை நான் மிதித்தேன். வளைவில் துணியை அவள் திருப்பிக் கொடுத்தாள். தைத்து முடித்ததும் உள்ளே மிஞ்சிய துணி இரண்டு பக்கமும் அகலமாகத் தொங்கியது. கத்தரிக்கோலை எடுத்தேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"வெட்டாதீங்க. உள்ளயே இருக்கட்டும். உடம்பு வந்ததும் பிரிச்சு விட்டுக்கலாம்."

"வருமா?"

"ஏன் வராது? போன மாசம் ஒரு இட்லிக்கு மூஞ்ச சுளிச்சீங்க. இன்னிக்குக் காலைல சட்னி கம்மியா இருக்குன்னு சண்ட போட்டீங்க."

மிச்சத் துணியை மடித்து, வெளியே தெரியாதபடி கைத்தையலால் பிடித்து வைத்தோம். தோள் மட்டும் இறங்கித்தான் இருந்தது. அதைப் பிரிக்க எங்கள் இருவருக்குமே தைரியம் இல்லை. ஆனால் கை தாராளமாக மேலே போனது. துவைத்து இஸ்திரி போட்டதும் அது வேறு சட்டை மாதிரி ஆகிவிட்டது. என் சட்டை மாதிரி என்று சொல்வதுதான் சரி.

ஞாயிற்றுக்கிழமை காலையில் இருவரும் டவுன் பஸ்ஸில் அடி அண்ணாமலைக்குப் போனோம். மகள் அக்கா வீட்டுப் பின்பக்கம் ஆட்டுக்குட்டியோடு இருந்தாள். நான் கூப்பிடவில்லை. துவைக்கிற கல்லில் போய் உட்கார்ந்துகொண்டு அக்காவிடம் தண்ணீர் கேட்டேன். குட்டியைத் தடவிக்கொண்டே அவள் ஓரக்கண்ணால் என்னைப் பார்ப்பது தெரிந்தது. கொஞ்ச நேரம் கழித்து, குட்டியைத் தரதரவென்று இழுத்துக்கொண்டு பக்கத்தில் வந்து நின்றாள்.

"அப்பா, உனக்கு ஊசி போட்டாங்களா?"

"போட்டாங்க."

"வலிச்சுதா?"

"மொதல்ல வலிச்சுது. இப்ப இல்ல."

எங்கே என்று கேட்டாள். கையைக் காட்டினேன். அந்த இடத்தை உள்ளங்கையால் இரண்டு முறை தேய்த்துவிட்டாள். அவ்வளவுதான். பிறகு குட்டிக்கு என்னென்ன இலை பிடிக்கும், எது பிடிக்காது என்று சொல்ல ஆரம்பித்தவள், சாயங்காலம் பஸ் ஏறும் வரை நிறுத்தவில்லை. பஸ்ஸில் என் மடியில்தான் உட்கார்ந்தாள்.

குழந்தைக்குக் கொஞ்சம் நேரம் தேவைப்பட்டது, சட்டைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்றாள் மனைவி. இருக்கலாம். ஆனால் அன்று காலை வீட்டை விட்டு இறங்கும்போது நான் நிமிர்ந்து நடந்தேன். எதிரில் வந்தவர்கள் முகத்தை எல்லாம் பார்த்தேன். அது எனக்குத் தெரியும்.

பள்ளி திறப்பதற்குள் மீதிச் சட்டைகளையும் நானே பிடித்துத் தைத்தேன். கடைசிச் சட்டைக்கு மனைவியின் உதவி வேண்டியிருக்கவில்லை. நான் மிஷினில் உட்காரும்போதெல்லாம் மகள் பக்கத்தில் வந்து நிற்பாள். ஒரு நாள் தன் கவுனைக் கொண்டுவந்து மடியில் போட்டு, பொம்பளப் புள்ளைங்க துணிக்கு மட்டும் ஏன் பாக்கெட்டே வைக்கிறதில்லை என்று கேட்டாள். துண்டுத் துணியில் ஒன்று வெட்டித் தைத்துக் கொடுத்தேன். கோணலாகத்தான் விழுந்தது. அவள் உடனே அதற்குள் கையை விட்டுக்கொண்டு, பக்கத்து வீட்டில் காட்டுவதற்கு ஓடினாள்.