மாமாவின் பெட்டியில் இருந்த சக்கரம்

அப்பாவுக்குக் காய்ச்சல் இறங்கவேயில்லை. சிதம்பரத்தில் ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். துணைக்கு மாமா இருந்தார். மாற்றுத்துணி எடுக்கக் கடலூர் வீட்டுக்கு வந்த அம்மாவோடு நானும் வந்தேன். மாமாவின் தகரப்பெட்டியில் சட்டை தேடிய அம்மாவின் கையில், காக்கித் துணியில் சுற்றிய ஓர் உலோகச் சக்கரம் அகப்பட்டது.

மாமா அம்மாவின் தம்பி. ராணுவத்தில் தகவல் பிரிவில் இருந்தவர். ஓய்வுபெற்றபின், கல்யாணம் கட்டாமல் எங்களோடு இருந்தார். அங்கே என்ன வேலை என்று கேட்டால் "ஆபீஸ் வேலை" என்பார். வந்த கடிதம் எதுவானாலும் படித்ததும் எரிப்பார். சாம்பலைக் குவளைத் தண்ணீரில் போட்டுக் குச்சியால் கலக்கிச் சாக்கடையில் ஊற்றுவார். மஞ்சள் தடவிய கல்யாணப் பத்திரிகைக்கும் அதே கதிதான். அம்மா தலையில் அடித்துக்கொள்வார்.

சக்கரம் உள்ளங்கை அகலம் இருந்தது. விளிம்பைச் சுற்றி இங்கிலீஷ் எழுத்துகள். ஒரு பக்கம் பித்தளை முளைகள், மறுபக்கம் பித்தளைப் பொட்டுகள். அம்மா தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். எழுத்து பொறித்த உலோகமும் கலக்கிய சாம்பலும் இறங்காத காய்ச்சலும் அவர் மனதில் ஒன்றாகச் சேர்ந்துவிட்டன. அடுத்த வீட்டு அத்தையைக் கூப்பிட்டார். அத்தை உள்ளே வராமல் வாசலில் நின்றே தீர்ப்புச் சொன்னார்.

"செய்வினதான்டி. ஊட்டுக்குள்ளயே வெச்சிருக்கான் பாரு. மண்ணுல பொதைக்காத, கடல்ல போடு."

வேப்பிலையோடு பையில் கட்டி, தேவனாம்பட்டினம் கடற்கரைக்குப் போகும் பஸ்ஸில் என் மடியில் வைத்தார் அம்மா. பஸ் குலுங்கும்போதெல்லாம் பைக்குள் 'டிக்' என்று ஒரு சத்தம். அப்பாவுக்கு மிச்சமிருக்கும் நாட்களை அது எண்ணுவதாக எனக்குத் தோன்றியது. முழங்காலை அசைக்காமல் உட்கார்ந்திருந்தேன்.

"பேயி இன்னாம்மா இம்மாந்தூண்டு இருக்கு?" என்றார், கரையில் அம்மா விவரம் சொல்லிப் பையை நீட்டிய படகுக்காரர்.

"சிரிக்காதீங்க. ஆழத்துல போடுங்க."

அலைகளைத் தாண்டிப் போய்ப் போட்டுவிட்டு வந்தார். "பத்தாள் ஆழம். நீச்சல் தெரிஞ்சா வரட்டும்."

மறுநாள் காலை ஆஸ்பத்திரி வராந்தாவில் மாமாவை அம்மா பிடித்துக்கொண்டார்.

"அந்தச் சக்கரத்த யாருக்குடா வெச்ச? எம் புருசனுக்கா?"

மாமாவின் முகம் வெளுத்தது. முதலில் வராந்தாவின் இரண்டு பக்கமும் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, "இப்ப எங்கக்கா இருக்கு அது?" என்றார்.

"கடல்ல."

மாமா என் உயரத்துக்குக் குனிந்தார். "எம்மாம் ஆழம் பாப்பா?"

"பத்தாள் ஆழம் மாமா."

சுவரில் சாய்ந்து கண்ணை மூடினார். அவர் நெஞ்சு ஒருமுறை ஏறி இறங்கியது. அன்றுவரை அவர் தோளில் ஏறி விளையாடிய நான், அம்மாவின் பின்னால் ஒளிந்தேன்.

"இல்லன்னு ஒரு வார்த்த சொல்லுடா, நம்புறேன்." என்றார் அம்மா.

மாமா மறுபடியும் வராந்தாவின் இரண்டு பக்கமும் பார்த்தார்.

"அவுரு கட்டில் பக்கம் வராத, போ."

போனார். மேல்பட்டாம்பாக்கத்தில் தனியாக அறை எடுத்துக் கடைசிவரை அங்கேயே இருந்தார். அந்த வாரமே அப்பாவுக்குக் காய்ச்சல் இறங்கியது. டாக்டர் டைபாய்டு என்றார். அம்மா வேறு காரணம் வைத்திருந்தார்.

மாமா இறந்து பல ஆண்டுகள் கழித்து, ஒரு கண்காட்சியில் கண்ணாடிக்குள் அதே போன்ற சக்கரத்தைப் பார்த்தேன். தட்டச்சுப் பொறி போன்ற ஓர் இயந்திரத்தில் அப்படிப் பல சக்கரங்கள் வரிசையாக இருந்தன. ஒவ்வோர் எழுத்தைத் தட்டும்போதும் ஒரு சக்கரம் 'டிக்' என்று நகரும். செய்தி எதிரிக்குப் புரியாத எழுத்துகளாக மாறும். சக்கரத்துக்குள் ஓடும் கம்பிகள்தான் ரகசியம். எதிரி நெருங்கினால் சங்கேத அறையில் இருப்பவர்கள் முதலில் சக்கரங்களை யாருக்கும் கிடைக்காதபடி ஒழிக்க வேண்டும், பிறகுதான் தங்கள் உயிரைப் பார்க்க வேண்டும் என்று எழுதியிருந்தது. காகிதத்தை எரித்தால் சாம்பலையும் கரைக்க வேண்டுமாம். பக்கத்துப் பலகையில் இன்னொன்றும் இருந்தது. இரண்டாம் உலகப்போர் முடிந்த பிறகும் பல ஆண்டுகள், இந்த வகைச் சங்கேதப் பூட்டை உடைக்கத் தெரிந்த நாடுகள் அதை வெளியே சொல்லாமல், பிறரின் செய்திகளைப் படித்துக்கொண்டிருந்தன. மாமா காத்த ரகசியமும் அதில் அடக்கமா என்பதை என்னால் உறுதிசெய்ய முடியவில்லை. ஒழிக்க வேண்டிய சக்கரம் எப்படி அவர் பெட்டியில் தங்கியது என்பதையும்தான்.

பத்தாள் ஆழம் என்று நான் சொன்னதும் மாமா கண்ணை மூடியது, வைத்த வினை கைநழுவிப் போன ஏமாற்றத்தில் என்றே வெகுகாலம் நம்பிக்கொண்டிருந்தேன்.