பாம்பை ஏசுகிற சீதேவிப்பிள்ளை

பனிச்சங்கேணிக்காரரான எங்களுக்குப் பாம்பு சூரியனை விழுங்குகிற நாள்தான் பெரிய திருவிழா. வாவிக்கரையில் நின்று சீதேவிப்பிள்ளை பாம்பை ஏசுவாள். ஏச்சுத் தாங்காமல் அது சூரியனைக் கக்கிவிடும். அப்படி ஒரு வாய் அவளுக்கு. மற்ற நாட்களில் நண்டு விற்பாள், வீட்டுக்குச் சமைப்பாள், சோற்றில் கை வைத்ததும் எங்களில் யாராவது கூப்பிட, எழும்பி ஓடுவாள்.

இந்தமுறை பாதிச் சூரியன் பாம்பின் வாய்க்குள் போயும் அவள் பேசாமல் மணலில் குந்தியிருந்தாள்.

"ஏசன் புள்ள, இருட்டுது!" என்று புருஷன் சீனித்தம்பி கத்தினான்.

"அது சாப்பிடுது. சாப்பிடுற ஆளை எழுப்புற பழக்கம் உங்களுக்குத்தான், எனக்கில்ல."

மேளக்காரரும் கெஞ்சிப் பார்த்தார்கள். பாம்பு அவசரமில்லாமல் ஆறுதலாக மென்றது. முழுதாக இருட்டியதும் சீதேவிப்பிள்ளை தன் சோற்றுப் பொதியை அவிழ்த்தாள். அன்றைக்குத்தான் அவளைத் தேடிப்பிடித்து எழுப்ப எங்களில் ஒருவருக்கும் கண் தெரியவில்லை.