மச்சு பதில் சொன்ன வீடு

அவளை அந்தப் பக்கத்தில் எல்லோரும் குடைக்காரி என்றுதான் கூப்பிடுவார்கள். மழையோ வெயிலோ, மடக்கிய குடையைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்துக்கொண்டு முன்னால் நடப்பாள். பின்னால் பதினைந்து இருபது வெளியூர்க்காரர்கள், கழுத்தில் கேமராவும் காலில் புதுச் செருப்புமாக, கோழிக்குப் பின்னால் குஞ்சு மாதிரி வருவார்கள். பழைய நகரத்துச் சந்துகளைக் காட்டி, நாலு இடத்தில் வாய்க்கு ருசியாக ஏதாவது வாங்கிக் கொடுத்து, நாலு கதை சொல்லி அனுப்புவது அவள் பிழைப்பு.

அவளோடு கூடப் பிறந்தது ஒரே அண்ணன். அவனுக்குப் பிறகு இரண்டு பிறந்து தங்கவில்லை, அப்புறம்தான் இவள். பத்து வயது இடைவெளி. இவளுடைய ஒன்பதாவது வயதில் அம்மா போய்ச் சேர்ந்தாள். பதினோராவது வயதில் அண்ணி வந்தாள். வந்த மறுநாளே இவளைப் பிடித்து உட்கார வைத்து, மூன்று மணி நேரம் பேன் பார்த்தவள் அண்ணி. தனக்கென்று ஒன்று பிறக்காததால் இவளைத்தான் பிள்ளையாக வைத்துக்கொண்டாள் என்று ஊரார் சொல்வார்கள். அண்ணியைக் கேட்டால், "பிள்ளையா, இதா? இது எனக்கு மாமியார்" என்பாள்.

சுற்றுலாவின் கடைசி இடம் அவர்கள் பூர்வீக வீடு. கீழே அண்ணனின் சாப்பாட்டுக் கடை. வாசலோரம் கல்லாவில் அண்ணன், உள்ளே சமையற்கட்டில் அண்ணி. சமையற்கட்டுக்கு நேர் மேலே, மரப்பலகை போட்ட பெரிய மச்சு. முதலில் மச்சைப் பார்த்துவிட்டுக் கீழே வந்து சூப்பும் ரொட்டியும் சாப்பிட வேண்டும் என்பது ஏற்பாடு.

மச்சில் காட்ட ஒன்றும் இல்லை. அதுதான் தொல்லை. நாலு சுவரும் இரண்டு ஜன்னலும் உள்ள வெறும் அறை. தொழில் தொடங்கிய முதல் மாதத்தில் ஒருநாள், வந்திருந்த ஒரு அம்மாள் இவள் முகத்துக்கு நேரே கொட்டாவி விட்டாள். ரோஷம் பொறுக்காமல் இவள் அந்த இடத்திலேயே ஒரு கதை கட்டினாள்.

"எங்க கொள்ளுத்தாத்தா பெரிய தானிய வியாபாரி. நானூறு மூட்டை இந்த மச்சுலதான் அடுக்கியிருப்பாரு. விலை படிஞ்சா கையெழுத்தெல்லாம் கிடையாது. ரெண்டு பேரும் நடுவுல நின்னு வலது காலால ஓங்கி மிதிப்பாங்க. மச்சு பதில் சொன்னா வியாபாரம் முடிஞ்சதுன்னு அர்த்தம். இப்ப நாமளும் மிதிப்போம். மூணு எண்ணறேன்."

பதினெட்டு கால்கள் ஒன்றாக இறங்கின. பெரிய பறையை அடித்தது போலக் கும்மென்று ஒரு சத்தம் எழுந்து நெஞ்சுக்கூட்டில் போய் நின்றது. கொட்டாவி விட்ட அம்மாள்தான் முதலில் கைதட்டினாள்.

அப்புறம் பதினோரு வருஷம் அந்தக் கதைதான் அவளுக்குச் சோறு போட்டது. படம் எடுத்துப் போனவர்கள் நாலு பேருக்குச் சொன்னார்கள், நாலு பேர் நாற்பது பேருக்குச் சொன்னார்கள். மற்ற வழிகாட்டிகளும் தங்கள் கூட்டத்தை அங்கே கூட்டி வந்தார்கள். அவர்களில் தொப்பி என்று ஒருவர் இருந்தார். பள்ளிக்கூடத்தில் டிரில் மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்றவர். அவர் சும்மா இருப்பாரா? ஒரு மிதி போதாது என்று மூன்று மிதி ஆக்கினார், லெஃப்ட் ரைட் சொல்லி.

அந்த வருஷம் மழை தொடங்கிய வாரம் ஒரு நாள், எப்போதும் போல இவள் மூன்று எண்ணினாள். கும்மென்று சத்தம் வந்தது. அதன் வாலைப் பிடித்துக்கொண்டு இன்னொரு சத்தமும் வந்தது. காய்ந்த ரொட்டியை யாரோ வாயை மூடிக்கொண்டு மெல்வது போல. வந்தவர்கள் சிரித்துக்கொண்டிருந்தார்கள், யாருக்கும் அது காதில் ஏறவில்லை. பதினோரு வருஷம் கேட்ட காது இவளுடையது. அன்று சூப்பைத் தொடாமல் கூரையையே அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

மறுநாளிலிருந்து தன் கூட்டத்தை மிதிக்க விடவில்லை. "இங்க மிதிக்கணும்னு சொன்னாங்களே" என்று கேட்டவர்களிடம், "நேரமாச்சு, ரொட்டி ஆறிடும்" என்று சொல்லி இறக்கிவிட்டாள். ஆனால் தினமும் இரண்டு மூன்று கூட்டம் வேறு ஆட்களோடு வந்தது. அவர்கள் காலை யார் கட்டிப்போடுவது?

தெரிந்த தச்சர் ஒருவரைக் கூட்டி வந்தாள். அவர் ஏணி போட்டு, சமையற்கட்டின் கூரையில் ஓடிய பெரிய உத்திரத்தில் திருப்புளியை வைத்து அழுத்தினார். வெண்ணெயில் இறங்குவது போலக் கைப்பிடி வரை இறங்கியது. அவர் அதை மெதுவாக உருவிக்கொண்டு கீழே வந்தார்.

"மேல ஆள் ஏத்தாதீங்க. கீழயும் அடுப்பு வேண்டாம். உத்திரத்தை மாத்தணும். மூணு மாசம் ஆகும்" என்றார்.

அண்ணன் கல்லாவை விட்டு எழுந்திருக்கவே இல்லை.

"மூணு மாசம் கடையை மூடினா நாலாவது மாசம் நம்மளை யாருன்னு கேப்பாங்க. தச்சருக்கு எந்த மரத்தைப் பாத்தாலும் உளுத்தது மாதிரிதான் இருக்கும், டாக்டருக்கு எல்லாரும் நோயாளி மாதிரி."

"அண்ணா, திருப்புளி முழுசா உள்ள போச்சு. நானே கண்ணால பாத்தேன்."

"நானூறு மூட்டை தாங்கின மச்சு அது. கொள்ளுத்தாத்தா காலத்துலேர்ந்து மிதிச்சுட்டு இருக்காங்க. இருபது பேருக்கா விழுந்துடும்?"

"அண்ணா, அது நான் கட்டின கதை. மூட்டையும் இல்ல, மிதியும் இல்ல. ஒரு பொம்பளை கொட்டாவி விட்டான்னு நான் சொன்னது."

அண்ணன் அவளைப் பரிதாபமாகப் பார்த்தான். "உனக்கு என்ன தெரியும்? நீ பொறக்கறதுக்கு முன்னாடியே அப்பா எனக்குச் சொல்லியிருக்காரு. அந்த ஜன்னல்கிட்ட மடியில உக்கார வெச்சு, இதே கதையை. மிதிச்சுக் காட்டினாரு கூட."

பொய் சொல்கிற முகம் அது இல்லை. அவன் கண்ணில் அப்பாவின் மடியும் ஜன்னல் வெளிச்சமும் நிஜமாகவே இருந்தன. இவள் வாயிலிருந்து போனது எப்போது எந்த வழியாக அப்பா வாய்க்குள் புகுந்து உட்கார்ந்துகொண்டது என்று அவளுக்குப் புரியவில்லை. பொய்யை மறுக்கலாம். செத்துப்போன அப்பாவை எப்படி மறுப்பது?

அவள் சமையற்கட்டுக்குள் போனாள். அடுப்பில் இருந்த சூப்புப் பானை, மாவுத் தட்டு, உப்புச் சட்டி, எல்லாவற்றின் மேலும் ஈரத்துணி மூடியிருந்தது. துணிகளின் மேலே பழுப்பு நிறத்தில் மாவு போலப் படிந்திருந்தது.

"அண்ணி, எப்பலேர்ந்து இப்படி மூடறீங்க?"

"ஒரு ஆறு மாசம் இருக்கும். மிதிக்கும்போது கொட்டுது. முதல்ல தூசின்னு நெனச்சேன். மரத்தூள்."

"ஏன் சொல்லல?"

"சொன்னா நீ மிதியை நிறுத்துவ. நிறுத்தினா உன் பின்னால எவன் வருவான்?" அண்ணி கரண்டியைத் துடைத்துக்கொண்டே சொன்னாள். "பேன் பாத்த காலத்துலேர்ந்து உன் தலையைப் பத்திதான் எனக்குக் கவலை. என் தலையைப் பத்தி இல்ல."

"வெளிய வாங்க அண்ணி. இப்பவே வாங்க."

"வந்து? உங்க அண்ணன் சமைப்பாரா? தண்ணி கொதிக்குதான்னு விரலை விட்டுப் பாக்கற ஆளு அவரு."

தினமும் கேட்டாள். தினமும் ஒரு பதில் வந்தது. ஒருநாள் வெங்காயம் உரிக்க வேண்டியிருந்தது, மறுநாள் பால் பொங்கிவிடும். மச்சுச் சாவியோ அண்ணன் இடுப்பில், மற்ற வழிகாட்டிகளிடம் சொன்னால் போட்டிக்காகச் சொல்கிறாள் என்றார்கள். அவளுக்குத் தூக்கம் போனது. தெருவில் கதை சொல்லிக்கொண்டிருக்கும்போதே பாதியில் நிறுத்தி, வீட்டுப் பக்கம் காதைத் திருப்பி நிற்பாள். கூட வந்தவர்கள் அதையும் கதையில் ஒரு பகுதி என்று நினைத்து, தாங்களும் காதைத் திருப்பி நிற்பார்கள்.

தச்சர் வந்து போன பத்தாவது நாள், அவளுக்குக் கூட்டம் இல்லாத நாள். முற்பகலில் வீட்டுக்கு வந்தாள். மேலே தொப்பியின் குரல் கேட்டது. அண்ணி பானைக்கு முன்னால் நின்றிருந்தாள். ரொட்டித் தட்டை எடுக்க அண்ணனும் அன்று உள்ளே வந்திருந்தான், வருஷக்கணக்கில் கல்லாவை விட்டு நகராத மனுஷன்.

"லெஃப்ட்" என்றார் தொப்பி.

மிதி இறங்கியது. கல்லாவிலிருந்து கேட்கும் சத்தம் வேறு. அடியில் நின்று கேட்கும் சத்தம் வேறு. அண்ணன் தோளைக் குறுக்கிக்கொண்டான். உத்திரமும் சுவரும் சேருகிற இடத்தில் ஒரு விரல் அகலத்துக்கு இடைவெளி விட்டது, அதற்குள்ளே வெளிச்சம் தெரிந்தது. ஒரு மரச் சிம்பு வந்து பானைத் துணியில் குத்தி நின்றது.

அண்ணன் மேலே பார்த்தபடியே கேட்டான். "மேல எத்தனை பேரு?"

"தெரியல. நீ அண்ணியைக் கூட்டிட்டு வெளிய போ."

இந்தத் தடவை வெங்காயமும் பாலும் அண்ணிக்கு நினைவுக்கு வரவில்லை. அவன் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தாள்.

அவள் படியேறினாள். ஏறும்போதே புத்தி வேலை செய்தது. கத்தினால் அத்தனை பேரும் ஒரே ஓட்டமாக வாசலுக்கு வருவார்கள். அந்த ஓட்டம் போதும். மச்சு வாசலில் நின்று குடையைத் தூக்கினாள். பதினோரு வருஷத்துக் குரலை வரவழைத்துக்கொண்டாள்.

"மாஸ்டர், அடுத்த மிதிக்கு முன்னாடி ஒரு விஷயம். இந்த வீட்டுல இன்னொரு வழக்கம் இருக்கு. அதை நான் யாருக்கும் சொன்னதில்ல."

தொப்பி முகத்தைச் சுளித்தார். "அப்படி ஒண்ணு நான் கேள்விப்பட்டதே இல்லையே."

"அதான் சொன்னேனே, யாருக்கும் சொன்னதில்லன்னு." அவரை நேராகப் பார்த்தாள். அவர் அந்தப் பார்வையிலேயே ஏதோ கண்டுகொண்டார். டிரில் மாஸ்டரின் தூக்கிய கால், மெதுவாக, பூனைக்கால் போலத் தரையில் இறங்கியது.

"வியாபாரம் முடிஞ்சவங்க பேசாம, செருப்பைக் கையில எடுத்துட்டு, சுவரைத் தொட்டுட்டே ஒவ்வொருத்தரா இறங்கணும். நடுவுல நடந்தா விலை ஏறிடும்."

சிரித்தார்கள். செருப்பைக் கழற்றினார்கள். ஒவ்வொருவராகச் சுவரைத் தடவிக்கொண்டு வந்தார்கள். அவள் ஒவ்வொரு தலையாக எண்ணினாள். ஏழு. பத்து. பதினான்கு. பலகை ஒன்று தன்பாட்டுக்கு முனகியது. அதற்கும் சிரித்தார்கள்.

கடைசியில் ஒரு பருத்த மனிதர் மட்டும் நட்டநடுவில் நின்றார். கேமராவை இன்னொருவர் கையில் கொடுத்திருந்தார். "நான் சரியா மிதிக்கல. ஒரே ஒரு தடவை மிதிச்சுட்டு வந்துடறேன்" என்று காலைத் தூக்கினார்.

"தாராளமா மிதிங்க. கடைசியா மிதிக்கிறவர்தான் எல்லாருக்கும் சூப்பு வாங்கித் தரணும், அதுவும் வழக்கம்தான்."

அந்தக் கால் காற்றில் அப்படியே நின்றது. வாசலில் இருந்தவர்கள் உற்சாகமாக மிதிங்க, மிதிங்க என்றார்கள். அவர் கணக்குப் போட்டுப் பார்த்தார். பிறகு காலைக் கீழே வைத்தார். வைத்ததுதான், மிதிக்கவில்லை. சுவரோரம் வந்தார். இருபத்திரண்டு.

தொப்பி அவருக்குப் பின்னால் இறங்கினார். கடைசியில் அவள் இறங்கினாள். தெருவில் வந்தவர்கள் செருப்பை மாட்டிக்கொண்டு, அந்தச் சுவர் வழக்கம் எத்தனை வருஷமாக இருக்கிறது என்று அண்ணனைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அண்ணிதான் அவர்களுக்குக் கையைக் காட்டி, தெருமுனைக்குப் போகச் சொன்னாள்.

தச்சர் கால் மணி நேரத்தில் வந்துவிட்டார். கதவுக்குள் காலெடுத்து வைக்கவில்லை. தெருவில் நின்றபடியே அண்ணாந்து பார்த்தார். அவர்கள் வீட்டுச் சுவரையும், அதை ஒட்டி நின்ற பக்கத்து வீட்டையும் மாறி மாறிப் பார்த்தார்.

"இது ரெண்டு வீட்டுக்கும் பொதுச் சுவரு. உங்க உத்திரத்தோட அந்த முனை அவங்க வீட்டுக்குள்ளதான் முடியுது. இது விழுந்தா அந்தச் சுவரையும் இழுத்துட்டு வரும்" என்றார். "அங்க யாரு இருக்காங்க?"

பக்கத்து வீட்டு மாடி ஜன்னலில் துணி காய்ந்துகொண்டிருந்தது. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே உள்ளிருந்து ஒரு கை வந்து, காய்ந்த சட்டையை மட்டும் எடுத்துக்கொண்டு போயிற்று.