படியில் மீந்த கிளிஞ்சல்

சுனாமி வருவதற்கு முந்தின வருடம், அரையாண்டு விடுமுறையில் நடந்தது இது. அப்போது நாங்கள் கல்பாக்கம் குடியிருப்பில் இருந்தோம். கணவருக்கு ஆராய்ச்சி நிலையத்தில் வேலை. எனக்கு வீட்டு வேலை போக மீதி நேரமெல்லாம் ஊர் வேலை. எங்கள் பிளாக்கில் கொலுவோ, பிறந்தநாளோ, மாற்றலாகிப் போகிறவர்களுக்கு விருந்தோ, எதுவானாலும் லிஸ்ட் போடுவது நான்தான். யார் வீட்டுக்கு எத்தனை இட்லி என்பது வரை எழுதி வைத்திருப்பேன். "உன்னை விட்டால் கடல் அலையைக்கூட எண்ணி டிக் அடிப்பாய்" என்று கணவர் கேலி செய்வார். எனக்கு அது பாராட்டாகத்தான் கேட்கும்.

அந்த முறை பிளாக்கே சேர்ந்து ஆலம்பரைக் கோட்டைக்குப் போவதாக முடிவாயிற்று. கிழக்குக் கடற்கரைச் சாலையில் தெற்கே போனால் கடப்பாக்கத்துப் பக்கம் இருக்கிறது. காலையில் கோட்டை, மதியம் அங்கேயே சாப்பாடு, சாயங்காலம் அப்படியே வடக்கே வந்து மாமல்லபுரத்தில் நாட்டிய விழா. வேனை விடப் பெரிய வண்டி ஒன்று பிடித்தோம். சீட் முப்பத்தெட்டு, என் லிஸ்டில் பெயரும் சரியாக முப்பத்தெட்டு. எனக்கு ஒரே பெருமை.

சீட் இல்லாமல் வந்தவர் ஒருவர் உண்டு. எங்கள் வீட்டில் பாத்திரம் தேய்க்க வருகிற பெண். சதுரங்கப்பட்டினம் பக்கம் வீடு, வயதில் என்னைவிட ஏழெட்டு வருடம் மூத்தவர். அத்தனை பேர் சாப்பாட்டுக்கு அண்டா குண்டான் கழுவ ஆள் வேண்டுமே என்று நான்தான் வரச் சொன்னேன். கடைசி சீட்டுக்குப் பின்னால், பாத்திரங்களுக்கு நடுவில் ஒரு சாக்கை விரித்து உட்கார்ந்துகொண்டார். யாருக்கும் அது தப்பாகத் தெரியவில்லை. எனக்கும்தான்.

கோட்டை என்றதும் குழந்தைகள் கோபுரம், பீரங்கி என்று எதையெதையோ எதிர்பார்த்து வந்திருந்தார்கள். அங்கே மதில் நிற்கவே இல்லை. அது படுத்துக் கிடந்தது. ஒரு வீட்டுச் சுவர் அளவுக்குச் செங்கல் பாளங்கள் குப்புற விழுந்து, அவற்றின் மேல் மரத்தின் வேர்கள் விரல்களாக இறுக்கிப் பிடித்திருந்தன. ஒரு பக்கம் உப்பங்கழி, அதைத் தாண்டி மணல்திட்டு, அதற்கப்பால் கடல். மழை மேகம் மூடி வெயிலே இல்லை. காற்று மட்டும் இடிபாடுகளின் சந்துகளில் புகுந்து புகுந்து வந்தது. பத்தடி தள்ளி நிற்பவரின் வாய் அசைவது தெரியும், பேச்சு காதில் விழாது. வந்த ஐந்து நிமிடத்துக்குள் ஏனோ எல்லோரும் குரலைத் தாழ்த்திவிட்டோம்.

சுற்றிக் காட்டுவதற்குப் பக்கத்துக் குப்பத்திலிருந்து ஒரு மீனவரைக் கணவரின் அலுவலக நண்பர் ஏற்பாடு செய்திருந்தார். ஐம்பது வயதிருக்கும், லுங்கி, வெறுங்கால். உள்ளே நுழையும் இடத்தில், உடைந்த படி ஒன்றின் பக்கத்தில் ஒரு கூடை நிறையக் கிளிஞ்சல் வைத்திருந்தார். ஆளுக்கு ஒன்று எடுத்துப் படியில் வரிசையாக வைத்துவிட்டு உள்ளே போக வேண்டும், திரும்பும்போது ஒன்றை எடுத்துக் கூடையில் போட வேண்டும். கைக்குழந்தைக்குக்கூட அம்மா ஒன்று வைத்தாக வேண்டும். அதுதான் அவர் வழக்கம்.

"இன்னா அண்ணாத்த, தலைய எண்ணிட்டா போவாதா?" என்று எங்கள் டிரைவர் சிரித்தார்.

"தல ஓடிகினே இருக்கும்பா. கிளிஞ்சல் ஓடாது."

எனக்குச் சிரிப்பு வந்தது. கையில் கிளிப் போட்ட அட்டையில் என் லிஸ்ட் இருக்கும்போது கிளிஞ்சல் எதற்கு என்று நினைத்தேன். இருந்தாலும் ஊர் வழக்கம் என்று ஒன்றை வைத்துவிட்டு முன்னால் நடந்தேன். பின்னால் யார் யார் வைத்தார்கள் என்று திரும்பிப் பார்க்கவில்லை.

அந்த மீனவர் நன்றாகத்தான் சொன்னார். நவாப் காலத்துக் கோட்டை, பிறகு பிரெஞ்சுக்காரர்கள் கைக்குப் போனது, சண்டையில் ஆங்கிலேயர்கள் பிடித்தது எல்லாம் சொல்லிவிட்டு ஒரு மேட்டில் நின்றார். "இங்கதான் காசு அடிச்சாங்க. டங்கு டங்குன்னு நாளெல்லாம் சத்தமாம்." எங்களில் ஒருவர் வேடிக்கையாக, இப்போதும் அந்தச் சத்தம் கேட்குமா என்று கேட்டார். அவர் சிரிக்கவில்லை. "கேட்டவங்க கீறாங்க. நான் கேட்டதில்ல" என்றார். அப்புறம் படுத்துக் கிடந்த மதிலைக் காட்டினார். "புடிச்சவன் வெச்சிக்கல. வெடி வெச்சி ஒடச்சிட்டான். உள்ள யாரு யாரு மாட்னாங்கன்னு எவனும் எண்ணிப் பாக்கல. அதான் நான் எண்றேன்." பகல் பதினொரு மணிதான், இருந்தும் மகன் கையை இழுத்துப் பிடித்துக்கொண்டேன்.

மரத்தடியில் சாப்பிட்டோம். புளியோதரை, உருளைக்கிழங்கு வறுவல், தயிர்சாதம். எல்லோருக்கும் பரிமாறிவிட்டுக் கடைசியில் பாத்திரம் தேய்க்க வந்தவரும் ஓரமாகச் சாப்பிட்டார். மற்ற பாத்திரங்களை வண்டியில் ஏற்றியாயிற்று. தயிர்சாதக் குண்டான் மட்டும் நாறிவிடுமே என்று, "கழி ஓரமா மணலைப் போட்டுத் தேய்ச்சிட்டு வந்துடு" என்று அவரிடம் சொன்னேன். குண்டானையும் கரண்டியையும் எடுத்துக்கொண்டு அவர் மதில் பக்கம் போனார். நான் அந்தாக்ஷரிக்கு அணி பிரிக்கப் போய்விட்டேன். அதோடு மறந்தேன். மறந்தேன் என்று எழுதுவதற்கு இப்போதும் கூசுகிறது, ஆனால் நடந்தது அதுதான்.

மூன்றரை மணிக்கு எல்லோரையும் வண்டியில் ஏற்றினேன். லிஸ்டைப் படித்தேன், முப்பத்தெட்டுப் பேரும் 'இருக்கோம்' என்றார்கள். இன்னொரு தரம் தலையை எண்ணினேன். முப்பத்தெட்டு. இறங்கி வழிகாட்டியிடம் நன்றி சொல்லப் போனால், அவர் படியைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"ஒண்ணு மீந்து கீது மேடம்."

உண்மைதான். படியில் தனியாக ஒரு கிளிஞ்சல். காற்று கொண்டுவந்து போட்டிருக்கும், குழந்தைகள் யாராவது இரண்டாக வைத்திருக்கும், யாரோ எடுக்க மறந்திருப்பார்கள் என்று நான் அடுக்கினேன். "உள்ள யாரோ கீறாங்க" என்று அவர் ஒரே பதிலைத்தான் சொன்னார். ஜன்னல் வழியாகக் கேட்டுக்கொண்டிருந்த பெண்களின் முகம் மாறிவிட்டது. வந்த ஆளெல்லாம் வண்டியில் இருக்கும்போது உள்ளே இருப்பது யார்? ஒருவர் குழந்தையின் கண்ணை மூடினார். மாமல்லபுரத்துக்கு நேரமாகிறது என்ற எரிச்சலில் எனக்குச் சுர்ரென்று வந்தது. லிஸ்டை அவர் முகத்துக்கு நேரே நீட்டினேன். "எல்லாரும் வந்தாச்சுங்க" என்று சொல்லிவிட்டு, குனிந்து அந்தக் கிளிஞ்சலை எடுத்து வேலிகாத்தான் புதருக்குள் வீசி எறிந்தேன்.

அவர் குனிந்தார். கூடையிலிருந்து வேறொரு கிளிஞ்சலை எடுத்தார். அதே இடத்தில் வைத்தார்.

நான் வண்டியில் ஏறிவிட்டேன். இஞ்சின் உறுமியது. அவர் வந்து வண்டிக்கு முன்னால் குறுக்கே நின்றார், கையை உயர்த்தி அணைக்கச் சொன்னார். டிரைவருக்கு என்ன தோன்றியதோ, அணைத்துவிட்டார். சாப்பாட்டுக்குப் பிறகு கூச்சலும் பாட்டுமாக இருந்த எங்களிடம் முதல் தடவையாக முழு அமைதி.

அப்போது கேட்டது.

டங்.

கொஞ்ச நேரம் காற்று மட்டும். மறுபடி டங். பூமிக்கு அடியிலிருந்து, உலோகத்தில் உலோகம் அடிக்கிற சத்தம். காலையில் அவர் காட்டிய அந்த மேட்டுக்கு அந்தப் பக்கத்திலிருந்து வந்தது. "காசு அடிக்கிறாங்க" என்று யாரோ குரலே இல்லாமல் சொன்னார்கள். பக்கத்து சீட் மாமி கண்ணை மூடிக்கொண்டு சாமி பெயரைச் சொல்ல ஆரம்பித்தார். அந்த இடத்தை விட்டு எப்படியாவது ஓடிவிட வேண்டும் என்றுதான் எனக்கும் இருந்தது. மகன் எங்கே என்று திரும்பி வண்டியின் பின்பக்கம் பார்த்தேன்.

மகன் இருந்தான். அவனுக்குப் பின்னால் அண்டாக்கள் இருந்தன. நடுவில் சாக்கு விரித்தபடி இருந்தது. சாக்கு மட்டும்தான் இருந்தது.

எப்படி இறங்கினேன் என்று நினைவில்லை. வழிகாட்டி அதற்குள் சத்தம் வந்த திசையில் ஓடிக்கொண்டிருந்தார். குப்பத்து ஆட்கள் இரண்டு பேர் படகுக் கயிற்றோடு வந்தார்கள். விழுந்து கிடந்த மதிலுக்கும் வேருக்கும் நடுவில் மண் உள்வாங்கி ஒரு பள்ளம், உள்ளே செங்கல் கட்டியது. எட்டிப் பார்த்தேன். மார்பு வரை கறுப்புத் தண்ணீர். கழியில் நீர் ஏற ஏற அது அடியிலிருந்து ஊறிக்கொண்டிருந்தது. அதன் நடுவில் அவர், குண்டானைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்து, கரண்டியால் அடித்துக்கொண்டிருந்தார். கத்திக் கத்திக் குரல் போய்விட்டிருந்தது. எங்களைப் பார்த்த பிறகும் கை நிற்கவில்லை, இன்னும் மூன்று தரம் அடித்தது.

மேலே தூக்கியபோது கணுக்கால் வீங்கித் தொங்கியது. நீர் இன்னும் ஏறும், விட்டிருந்தால் தலைக்கு மேல் போயிருக்கும் என்று குப்பத்து ஆட்கள் பேசிக்கொண்டார்கள். மாமல்லபுரத்தை எல்லோரும் மறந்தோம். வண்டி நேராக மருத்துவமனைக்குப் போனது. அவரை என் சீட்டில் உட்கார வைத்து, அடிபட்ட காலை என் மடியில் வைத்துக்கொண்டேன். கீழே சாக்கில் நான் உட்கார்ந்திருந்தேன். பாதி வழியில் அவர் குனிந்து, காற்று மாதிரி ஒரு குரலில் சொன்னார்: "குண்டான் உள்ளியே பூட்ச்சும்மா. கோச்சிக்காத."

நான் அழுதேன். அவர் எதற்கு என்று புரியாமல் பார்த்தார்.

இரண்டு மாதம் கழித்து அவர் மறுபடி வேலைக்கு வந்தார். ஒருநாள் இருவரும் மேஜையில் எதிரெதிரே உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தபோது (அந்தப் பழக்கம் அந்த விபத்துக்குப் பிறகுதான் வந்தது), உள்ளே இருக்கும்போது பயமாக இல்லையா என்று கேட்டேன். "பயம் இல்லாம இன்னா? ஆனா நானும் ஒரு கிளிஞ்சல் வெச்சேன்ல. நான் எதுக்குன்னேன், அந்த அண்ணாத்ததான் நீயும் வையின்னாரு. அது அங்க கீது, பாத்தா வந்துருவாங்கன்னு அடிச்சிகினே இருந்தேன்" என்றார்.

நான் டீயை வைத்துவிட்டு எழுந்துபோனேன். மாற்றலாகி அங்கிருந்து கிளம்பும் வரை மூன்று வருடம் அவரைத் தினமும் பார்த்தேன், ஆனால் அந்தக் கிளிஞ்சலை எறிந்ததைச் சொல்ல வாய் வரவில்லை. பிளாக்கில் யாராவது சொல்லியிருக்கலாம். சொல்லியிருந்தாலும் அவர் காட்டிக்கொள்ளவில்லை, அது இன்னும் உறுத்துகிறது.

இப்போதும் வெளியூர் போனால் லிஸ்ட் போடுகிறேன், டிரைவர், சமையல்காரர், கூட வந்தவருக்குக் கூட வந்தவர் என்று எல்லார் பெயரும் அதில் இருக்கும். ஆனாலும் யாராவது என்னைக் கெட்டிக்காரி என்று புகழும்போது என் வலது கையை முந்தானைக்குள் இழுத்துக்கொள்கிறேன், ஏனென்றால் அன்று இருட்டுப் பள்ளத்தில் ஒரு பெண் தன் உயிருக்கு நம்பியிருந்த ஒரே பொருளைத் தூக்கி எறிந்தது அந்தக் கைதான்.