மேடம் சாகிற சட்டை

படப்பிடிப்புக்குத் துணி தேய்க்கிறவனுக்குச் சாப்பாடு இறங்காது; அயர்ன் பாக்ஸோடு மாரடிக்கும் என் இனமே, உங்களுக்குச் சொல்லவா வேண்டும்!

சைஸ்

மஸ்கட்டின் ரூவியில் லாண்டரிக்காரனாக இருந்த என்னை, ஒரு ஜெர்மன் டிவி தொடருக்காக ஒரு மாதம் அனுப்பினார் என் விசா முதலாளியான கஃபீல். புகார் வந்தால் நேரே ஊருக்கு டிக்கெட்தான் என்றும் சொல்லி அனுப்பினார்.

கதாநாயகி உர்சுலா மேடம். ஒரு காலத்தில் சினிமாவில் பெரிய ஆள். இப்போது பதினோரு வருஷமாக இந்தத் தொடரில் போலீஸ் அதிகாரி. முதல் நாளே பேண்ட் இடுப்பில் ஏறவில்லை. பெரிய சைஸ் கேட்டு வாங்கவா என்றேன். பதறிப்போய்க் கதவைச் சாத்தினார். யாருக்கும் தெரியாமல் தையலைப் பிரித்துத் தரச் சொன்னார்.

"வயசைக்கூட மன்னிச்சுடுவாங்க தம்பி, சைஸை மன்னிக்க மாட்டாங்க."

அடுத்து என்ன?

மஸ்கட்டில் எடுக்கும் கதையில் மேடத்தை மலையிலிருந்து தள்ளிக் கொன்றுவிடுகிறார்கள். அதோடு தொடரில் அவருக்கு வேலை முடிந்தது. கேரவனில் உட்கார்ந்து போனையே பார்த்துக்கொண்டிருப்பார். வேறு எந்தப் படத்துக்கும் யாரும் கூப்பிடவில்லை. பாவமாக இருக்கும். இது முடிந்ததும் நீ என்ன செய்வாய் என்று ஒருநாள் என்னைக் கேட்டார். லாண்டரிக்குத் திரும்பிவிடுவேன் என்றேன்.

"எனக்கு அந்த லாண்டரிகூட இல்லையே."

கறை

சாகிற காட்சியில் பாதியைக் காலையில் எடுத்தார்கள். சட்டையெல்லாம் மண்ணும் பொய் ரத்தமும். அதைக் கழற்றி மாட்டிவிட்டு மேடம் சாப்பிடப் போனார். ஆறு வருஷ லாண்டரிக் கை சும்மா இருக்குமா? பச்சைத் தண்ணீரில் அலசி, சோப்பு போட்டு, மொடமொடவென்று தேய்த்து வைத்துவிட்டேன்.

மீதிக் காட்சிக்கு அதே கறை வேண்டுமாம்! மறுபடி பூசிப் பார்த்தார்கள், காலையில் எடுத்ததோடு ஒத்துப்போகவில்லை. அதற்குள் வெயிலும் இறங்கிவிட்டது. டைரக்டர் கத்தினார். உடைப் பிரிவு மேஸ்திரி ஃபரீத் பாய், கலாஸ், உன் கதை முடிந்தது, கஃபீலைக் கூப்பிடுகிறேன் என்று போனை எடுத்தார். ஊரில் மனைவியிடம் என்ன சொல்வேன் என்றுதான் எனக்கு ஓடியது.

மேடம் நடுவில் வந்து நின்றார். நாற்றம் தாங்கவில்லை, நான்தான் துவைக்கச் சொன்னேன் என்று டைரக்டரிடம் கூசாமல் சொன்னார். போன் பைக்குள் போனது. காட்சி மறுநாளுக்குத் தள்ளிப்போனது. எல்லாரும் கலைந்ததும் நன்றி சொல்லப் போனேன். என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நாளைக்கும் மறக்காம துவைச்சுடு."

மறுநாள் சட்டையை ஃபரீத் பாய் பூட்டி வைத்துவிட்டதால் மேடம் சாயங்காலமே செத்துப்போனார். சோப்பை வைத்து ஓர் உயிரை ஒரு நாளைக்கு மேல் காப்பாற்ற முடியாது.