கறுத்துப்போன டிவிடி டிரைவ்

அப்பா அனுப்பிய டிவிடியைத் தென்காசியில் எங்கள் வீட்டுக் கம்ப்யூட்டர் படிக்க மறுத்தபோது, அம்மா தலைக்குக் குளித்து, நல்ல சேலை கட்டி அதன் முன்னால் உட்கார்ந்திருந்தாள். அப்பா சவூதிக்குப் போய் இரண்டு வருஷம் ஆகியிருந்தது. இனி மாதாமாதம் வீடியோவில் பேசிப் பதிந்து அனுப்புவதாகச் சொல்லியிருந்தார். முதல் டிவிடியே இந்த லட்சணம். டிரைவ் அதை விழுங்கி, உறுமி, வெளியே துப்பிவிட்டது.

அப்பாவின் தம்பியான சித்தப்பாவை வரச்சொன்னோம். அவருக்குக் குற்றாலத்தில் சின்னதாய் ஒரு கடை. அருவிக்கு வருகிறவர்கள் எடுத்த போட்டோக்களைக் கேமராவிலிருந்து சிடியில் பதிந்து கொடுப்பார். சாரல் சீசன்தான் வருஷம் முழுவதற்குமான பிழைப்பு. "கடைக்கு வாங்க மதினி, அங்கன போட்டுக் காட்டுதேன்" என்றார். ஈரத்துண்டோடு நிற்கிற கூட்டத்துக்கு நடுவிலா என் புருஷன் பேசுவதைப் பார்ப்பது என்று அம்மா மறுத்துவிட்டாள். நியாயம்தானே.

அப்படியானால் டிரைவின் ஃபர்ம்வேரைப் புதுப்பிக்கலாம் என்றார். அது டிரைவுக்குள்ளேயே இருக்கிற புத்தியாம். பழைய புத்திக்குப் புது ரக டிவிடியை அடையாளம் தெரியவில்லை, புதியதை ஏற்றினால் தெரிந்துவிடும். ஏற்றி முடிகிறவரை கரண்ட் மட்டும் போகக் கூடாது. பென்டிரைவில் கொண்டுவந்து ஏற்றத் தொடங்கினார். திரையில் பச்சைக் கோடு பாதி நகர்ந்திருக்கும், சாரல் காற்று பலத்து விளக்கு மினுங்கத் தொடங்கியது. காற்றடித்தால் உடனே மெயினை அணைத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் கம்ப்யூட்டர் போய்விடும் என்பது அப்பாவின் கட்டளை. அடுக்களையிலிருந்து ஓடிவந்த அம்மா அதை அப்படியே நிறைவேற்றினாள்.

சித்தப்பா காற்று அடங்கும்வரை காத்திருந்தார். மறுபடி மெயினைப் போட்டபோது டிரைவின் விளக்கு எரியவே இல்லை.

"நான் ஏதும் கெடுத்துட்டேனோ?" என்றாள் அம்மா.

"அதெல்லாம் ஒண்ணுமில்ல மதினி. நல்ல வேளை, அணைச்சிய. நாளைக்கு வந்து மிச்சத்தை முடிச்சிருதேன்."

மறுநாள் ஸ்க்ரூடிரைவரும் ஒரு பையுமாக வந்து முடித்தார். நான் பள்ளிக்கூடம் விட்டு வந்து பார்க்கிறேன், வெள்ளைக் கம்ப்யூட்டரில் டிரைவ் மட்டும் கறுப்பாக இருந்தது. ஏன் என்று கேட்டேன். "அப்டேட் பண்ணுனா கறுத்துரும்ட்டி" என்றார், சிரிக்காமல். அம்மாவும் நம்பினாள். வகுப்பில் எல்லோருக்கும் இதை விளக்கினேன். மறுத்துப் பேச ஒருத்திக்கும் விவரம் போதவில்லை.

திரையில் அப்பா வந்து, "சாப்பிட்டியா?" என்று தொடங்கினார். அம்மா "ம்" என்று பதில் சொல்லிவிட்டு அழுதாள். அந்த முகத்தை நினைக்கும்போதெல்லாம் சித்தப்பாவைக் கைகூப்பிக் கும்பிடத் தோன்றுகிறது. அன்று தோன்றியது வேறு.

மற்ற சீசன்களில் எங்களைத் திரும்பிப் பார்க்க நேரமில்லாதவர், அந்த வருஷம் தினமும் சாயங்காலம் வந்து, "ஏட்டி, கெளம்பு" என்று என்னை ஐந்தருவிக்குக் கூட்டிப்போனார். போகிற வழியில் கடைக்குள் எட்டிப் பார்ப்பேன். அங்கிருந்த கம்ப்யூட்டரில் டிரைவ் இருந்த இடம் பொக்கையாகத் திறந்து கிடந்தது. கேமராவோடு வருகிறவர்களுக்குப் பக்கத்துக் கடையைக் கைகாட்டுவார். நான் அவர் கையைப் பிடித்து அருவிப் பக்கம் இழுப்பேன்.

அடுத்த சீசனிலும் சித்தப்பாவுக்கு இதேபோல் வேலை இல்லாமல் இருக்க வேண்டும் என்று காசிவிஸ்வநாதரிடம் மனமுருக வேண்டிக்கொண்டேன்.