கொரியாக்காரர் ஆரணியில் பிரமுகரான கதை

எங்கள் தெருவில் யாருக்கும் மெதுவாகப் பேசத் தெரியாது. அப்பாவுடையது பட்டுக் கைத்தறி. அதன் சத்தம் பழகிவிட்டால் காதில் விழாது. பக்கத்து வீட்டில்தான் விசைத்தறிகள் ஓடின. கரண்ட் இருக்கும்வரை 'தண்ணி குடு' என்பதைக்கூடச் சண்டைக்குப் போகிற தொனியில்தான் சொல்லியாக வேண்டும். ஆபத்து கரண்ட் போகும்போதுதான். தறிகள் எல்லாம் சட்டென்று நின்றுவிடும். வாய்கள் நிற்காது.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் ஒருநாள் அம்மா அடுப்படியிலிருந்து, வாசலில் நின்ற எனக்குச் சொன்னாள்: "பக்கத்து வூட்டம்மாகிட்ட கடுகு கேக்காதடி, டப்பா நெறைய வெச்சிகினே இல்லன்னு சொல்லும்!" 'கேக்காதடி' வரைக்கும் தறி ஓடியது. மீதி தெருவுக்கே கேட்டது. அன்று சாயங்காலம் பக்கத்து வீட்டம்மா ஒரு சொம்பு நிறையக் கடுகோடு வந்து, அடுப்படியில் வைத்துவிட்டுப் போனார். நான் ஆறாவது முடிக்கும்வரை எங்கள் வீட்டில் அந்தக் கடுகைத்தான் தாளித்தோம்.

இப்படி வளர்ந்த குரலுக்குப் பள்ளிக்கூடத்தில் மதிப்பு இருந்தது. எங்கள் பெண்கள் பள்ளியின் மைக் மழைக்காலத்தில் பேசாது, வெயில் காலத்தில் ஊளையிடும். தலைமையாசிரியை ஒருமுறை நான் மைதானத்தின் அந்தக் கோடியிலிருந்து தோழியைக் கூப்பிட்டதைக் கேட்டுவிட்டு, மைக்கை அலமாரியில் வைத்துப் பூட்டினார். அன்றிலிருந்து காலை வணக்கக் கூட்டத்தில் செய்தி வாசிப்பது நான்தான். ஒருநாள் பேப்பரின் முன்பக்கத்தை யாரோ வடையில் எண்ணெய் ஒற்ற எடுத்துவிட்டார்கள். கையில் இருந்தது உள்பக்கம் மட்டும். வழக்கமான கனத்த குரலில், "மணமகள் தேவை. சொந்த வீடு. கெட்ட பழக்கங்கள் இல்லை" என்று படித்தேன். பள்ளி முழுவதும் அட்டென்ஷனில் நின்று கேட்டது. புதிதாக வந்திருந்த கணக்கு டீச்சர் மட்டும் பிறகு என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "அதுல எந்த ஊருன்னு போட்டிருந்துதும்மா?" என்று விசாரித்தார்.

கல்லூரிக்கு வேலூர் போய் வந்தேன். பி.காம். படித்தேன் என்று சான்றிதழ் சொல்கிறது. எனக்கு ஞாபகம் இருப்பது பஸ்தான். கண்டக்டருக்குத் தொண்டை கட்டும்போதெல்லாம், "கண்ணமங்கலம் இறங்குறவங்க முன்னாடி வாங்க!" என்று கூவுவது என் பொறுப்பாக இருந்தது.

படிப்பு முடித்து வீட்டில் இருந்தபோது டிவி சரியாகத் தெரியவில்லை என்று கேபிள்காரரைக் கூப்பிட்டோம். அவர் மொட்டை மாடியில் ஒயரைத் திருகினார். நான் கீழே டிவி முன்னால் உட்கார்ந்து, "இப்ப வர்து... இப்ப போச்சு... இப்ப புள்ளி புள்ளியா வர்து!" என்று நிலவரம் சொன்னேன். அவர் இறங்கி வந்ததும் ஒயரைப் பற்றிப் பேசவில்லை. "உள்ளூர் சேனல் ஆரம்பிச்சிருக்கேம்மா. நியூஸ் படிக்கிறியா?" என்றார்.

அப்பா முதலில் ஒத்துக்கொள்ளவில்லை. ஊரே பார்க்கும் என்றார். "பாக்கறதுக்குத்தான டிவி?" என்று அம்மா கேட்டதும் தறிக்குழிக்குள் இறங்கிவிட்டார்.

ஸ்டூடியோ என்பது மாவு மில்லுக்கு மேலே ஓர் அறை. பவுடர் போடத் தேவையில்லை. கீழே அரைப்பது மேலே வந்து முகத்தில் படிந்துவிடும். மில் ஓடும்போது நானும் மேசையும் கொஞ்சம் கொஞ்சமாக இடதுபக்கம் நகர்வோம். செய்தி முடியும்போது திரையில் என் காது மட்டும் மிச்சம் இருக்கும். பின்னால் சுவர் ஓதம் ஏறிக் கிடந்ததால், அப்பா நெய்து முடித்து வைத்திருந்த ஒரு புடவையைக் கேட்டு வாங்கிப் போய்த் தொங்கவிட்டேன். அன்று நேயர்கள் பேசும் நேரத்தில் முதலில் வந்த போன்: "நியூஸ் இருக்கட்டும்மா. பின்னாடி தொங்குற மாம்பழக் கலர் யாரு நெய்ஞ்சது?"

மறுநாளிலிருந்து அப்பா தினமும் ஒரு புடவை கொடுத்தனுப்பினார். "கொஞ்சம் குனிஞ்சி படிம்மா, பார்டர் தெரில" என்று அறிவுரையும் வந்தது.

எனக்கும் ஊரில் ஒரு முகம் வந்துவிட்டது. போளூர் பஸ்ஸில் ஓர் அம்மாள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "மழ வரும்னு சொன்னியே, காயப்போட்ட வத்தலெல்லாம் வாரி உள்ள வெச்சேன். எங்க மழ?" என்று இறங்கும்வரை விடவில்லை.

அப்படி இருக்கும்போது ஒரு தீபாவளிக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை, எங்கள் வாசலில் ஒரு வெள்ளைக் கார் வந்து நின்றது. ஓட்டி வந்தவர் சேவூர்க்காரர். ஸ்ரீபெரும்புதூர் பக்கத்தில் கார் உதிரிபாகம் செய்கிற ஒரு கொரியக் கம்பெனியில் டிரைவர். பின்னாலிருந்து இறங்கியவர் அந்தக் கம்பெனியின் இளம் இன்ஜினியர். கொரியாவில் அவருடைய அக்காவுக்குக் கல்யாணம். பட்டுப்புடவை அனுப்ப ஆசைப்பட்டிருக்கிறார். டிரைவரின் மனைவி தினமும் என் செய்தியை, அதாவது எனக்குப் பின்னால் தொங்குவதைப் பார்க்கிறவர். அவர்தான் எங்கள் வீட்டைச் சொல்லி அனுப்பினார்.

இன்ஜினியர் ஷூவைக் கழற்றிவிட்டு அப்பாவுக்கு முன்னால் இடுப்பு வளையக் குனிந்தார். அப்பா பதறிப்போய்த் தானும் குனிந்து கும்பிட்டார். அவர் மறுபடி குனிந்தார். அப்பாவும் விடவில்லை. எப்படி நிறுத்துவது என்று இரண்டு பேருக்கும் தெரியவில்லை. அம்மா நடுவில் காபித் தட்டை நீட்டியபோதுதான் நிமிர்ந்தார்கள்.

இருந்த புடவைகளில் அவர் நினைத்த நீலம் இல்லை. புதிதாக நெய்து தரச் சொன்னார். பேச்சு முடிவதற்குள் கேபிள்காரர் மூச்சு வாங்க ஓடி வந்தார்.

"ஜல்தி கெளம்பும்மா. பேட்டி எடுக்கணும். லைவ்!"

"புடவ வாங்க வந்த இன்ஜினியர்ணா அவரு."

"கொரியாலேர்ந்து நம்மூருக்கு இதுக்கு முன்ன யாராவது வந்திருக்காங்களா? வந்தவரு பெரிய ஆளுதான்."

கொரியாக்காரரிடம் கேட்டதற்கு அவர் எல்லாவற்றுக்கும் சொல்வது போல "ஓகே" என்றார்.

பேட்டியின் ஏற்பாடு இப்படி: நான் தமிழில் கேட்பேன். டிரைவர் அதைக் கொரியனில் சொல்வார். அவருடைய கொரியன் காருக்குள்ளேயே வளர்ந்தது. அதில் இடது, வலது, நேராக, பசி, டிராஃபிக் ஆகிய சொற்கள் உண்டு. மீதியைக் கையால் காட்டுவார். இன்ஜினியர் பாதி ஆங்கிலத்திலும் பாதி தொழிற்சாலையில் கற்ற தமிழிலும் பதில் சொல்வார்.

"உங்க சின்ன வயசு எப்படிங்க இருந்துது?"

டிரைவர் முழங்கால் உயரத்தில் கையை வைத்துக் காட்டினார். இன்ஜினியரின் முகம் மலர்ந்தது. "அப்பா... கடல்..." என்று தொடங்கி நிறையச் சொன்னார்.

"அவங்கப்பா கடல்ல கீர பறிக்கிறாரும்மா" என்றார் டிரைவர். "பறிச்சி, அப்பளம் மாதிரி காயவெச்சி, அதுல சோத்த வெச்சி சுருட்டி சாப்பிட்றாங்க."

உடனே போன் வந்தது. "கடல்ல எப்டிங்க கீர வரும்? பாத்தி எங்க கட்டுவாங்க?"

இதை மொழிபெயர்க்கச் சற்று நேரம் பிடித்தது. இன்ஜினியர் யோசித்து, "பாத்தி இல்ல. கயிறு" என்றார். போன் செய்தவர் "சரிங்க" என்று வைத்துவிட்டார். நம்பவில்லை என்பது அந்த 'சரிங்க'விலேயே தெரிந்தது.

படிப்பைப் பற்றிக் கேட்டேன். அவர் தலையில் கைவைத்துக்கொண்டார். காலையில் போனால் ராத்திரிதான் பள்ளிக்கூடத்திலிருந்து வருவார்களாம். கடைசியில் ஒரு பெரிய பரீட்சையாம். அதைச் சொல்லும்போது இரண்டு கைகளையும் இறக்கை மாதிரி விரித்து, பிறகு மடக்கி, "ஸ்டாப்" என்றார்.

டிரைவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "அவரு பரீட்ச எழுதறப்போ ஏரோப்ளேன எல்லாம் நிறுத்திட்டாங்களாம்மா."

"எதுக்குங்க?"

"அவரு காதுல சத்தம் உழக்கூடாதுன்னு."

கேமராவுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த கேபிள்காரர் மெதுவாக எழுந்து நின்றார். கீழே யாரோ மில்லை நிறுத்தினார்கள்.

"அப்புறம் இன்னா செஞ்சாரு?" என்றேன்.

"அப்புறம் மிலிட்டரியாம்."

நான் அடுத்த கேள்வியைத் தேடுவதற்குள் இன்ஜினியர் என் பக்கம் திரும்பி, அழகான தமிழில், "உங்க வயசு என்னா?" என்று கேட்டார். எந்த மரியாதையில் பேசவேண்டும் என்று தெரிந்துகொள்வதற்காக அவர்கள் ஊரில் முதலில் வயதைத்தான் கேட்பார்கள் என்பது எனக்குப் பின்னால் தெரிந்தது. அப்போது தெரியாது. லைவில் கேட்டால் சொல்லத்தானே வேண்டும்? இருபத்தி நாலு என்றேன். அவர் விரல் மடக்கிக் கணக்குப் போட்டு டிரைவரிடம் ஏதோ சொன்னார்.

"அவங்க ஊருல பொறக்கறப்பவே ஒரு வயசாம். அந்தக் கணக்குல உனுக்கு இருபத்தி அஞ்சாம்மா" என்று டிரைவர் ஆரணி முழுவதற்கும் அறிவித்தார்.

வீட்டுக்குப் போனால் அம்மா கதவருகிலேயே காத்திருந்தாள். "வரன் கேக்கறவங்ககிட்டல்லாம் இருபத்தி ரெண்டுன்னு சொல்லிகினு இருக்கேன். ஒக்காந்த எடத்துல மூணு வயச ஏத்திட்டான் அந்த கொரியாக்காரன்! பேஜார் புடிச்ச பேட்டி!"

ஊருக்கு என் வயதில் அக்கறை இல்லை. கடலில் கயிறு கட்டிக் கீரை, அதாவது கடற்பாசி, விளைவிக்கிறார்கள் என்பதை ஒருவரும் நம்பவில்லை. ஒருவருக்காக ஏரோப்ளேன்களை நிறுத்தினார்கள் என்பதை எல்லாரும் நம்பினார்கள். மந்திரி மகன் என்றார்கள். ராஜா வீடு என்றார்கள். மில்லுக்கு அரைக்க வந்த ஒருவர், "நம்ம பசங்க பரீட்ச எழுதறப்போ ஒரு மினி பஸ்ஸ நிறுத்துவாங்களா?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

புடவை எந்த அளவில் இருக்கிறது என்று பார்க்க அடுத்தடுத்த ஞாயிறுகளில் அவர் வந்தார். இரண்டாம் முறை வந்தபோது பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு ஜெராக்ஸ் கடை திறப்பு விழா. கடைக்காரர் நேராக எங்கள் வீட்டுக்கு வந்து அவரை அழைத்துக்கொண்டு போய், மாலை போட்டு, கையில் கத்தரிக்கோலைக் கொடுத்தார். அவர் ரிப்பனை வெட்டி, முதல் பிரதியாகத் தன் பாஸ்போர்ட்டையே எடுக்கக் கொடுத்தார். கைதட்டினார்கள். திரும்பி வரும் வழியில் என்னிடம் ஆங்கிலத்தில், "உங்கள் ஊரில் கடைக்குப் போகிற எல்லாருக்கும் மாலை போடுவார்களா?" என்று கேட்டார்.

எனக்குச் சந்தேகம் வந்து, ஏரோப்ளேன் விஷயத்தைத் துருவிக் கேட்டேன். தாளில் படம் போட்டு விளக்கினார். அது அவருக்காக நிறுத்தியது இல்லை. நாடு முழுக்கப் பிள்ளைகள் எழுதும் பரீட்சை. அதில் காதால் கேட்டு விடை எழுதும் பகுதி நடக்கும்போது மட்டும் ஏரோப்ளேன்கள் இறங்காது, ஏறாது. மிலிட்டரியும் அங்கே எல்லா ஆண்பிள்ளைகளும் போய்வர வேண்டியதுதான்.

அன்றே செய்தியில் இதை நிறுத்தி நிதானமாக விளக்கினேன். முதல் போன்: "அப்டித்தாம்மா சொல்லுவாங்க. பெரிய எடத்துப் புள்ள. அடக்கம்." அதற்குப் பிறகு வந்தவை எல்லாம் புடவையைப் பற்றி.

அவருடைய பெயர் ஊரில் நிலைத்துப்போனது ஒரு மனுவால். தேவிகாபுரத்துக்காரர் ஒருவர், தங்கள் ஊருக்கு இன்னொரு பஸ் வேண்டும் என்று எழுதிக்கொண்டு வந்து நீட்டினார். பெரியவர்கள் கொடுப்பதை இரண்டு கைகளாலும் வாங்குவது கொரிய வழக்கம். இவர் அப்படியே குனிந்து வாங்கினார். தேவிகாபுரத்துக்காரருக்குக் கண் கலங்கிவிட்டது. "எந்த எம்மெல்லே இன்னிக்கி வரைக்கும் ரெண்டு கையால வாங்கினான்?" என்று தெருவைப் பார்த்துக் கேட்டார். சில மாதங்களில் பஸ்ஸும் வந்தது. அது ஏற்கெனவே முடிவானதுதான் என்று விவரம் தெரிந்த ஒருவர் சொன்னார். அவர் பேச்சை யார் கேட்டார்கள்?

டிரைவரின் மொழிபெயர்ப்பில் எனக்கு நம்பிக்கை போனதால், ஞாயிறுதோறும் நானே வார்த்தைகளைக் கேட்டுக் கற்க ஆரம்பித்தேன். நீலப் புடவை நெய்து, மடித்து, கொரியாவுக்குப் போயும் சேர்ந்தது. அவர் வருவது நிற்கவில்லை; அடுத்து அம்மாவுக்கு ஒன்று, பிறகு அக்காவின் மாமியாருக்கு ஒன்று. எனக்கும் கொஞ்சம் கொரியன் பேச வந்தது. கம்பெனியில் மொழிபெயர்க்க ஆள் எடுக்கிறார்கள் என்று வந்து சொன்னது டிரைவர்தான். "நீ வந்துடும்மா. அவுங்க பேசறப்போ என் ரெண்டு கையும் ஸ்டியரிங்ல இருக்கு. நான் எதால பேசறது?"

அப்பாவுக்கு என்னை அனுப்புவதில் வருத்தம் இல்லை. அடுத்து செய்தி வாசிக்க வரும் பெண் புடவையை மறைக்காமல் உட்காருவாளா என்பதுதான் கவலை. அதைக் கேபிள்காரரிடம் பேசி முடித்துக்கொண்டார்.

வேலையில் சேர்ந்த முதல் நாள், ஒரு கொரிய மேலாளர் தொழிலாளர்களை நிற்க வைத்து நெடுநேரம் கத்தினார். எனக்குப் பத்தில் ஒன்றுதான் புரிந்தது. அவர் முடித்ததும் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். "சார் ரொம்பக் கோவமா இருக்காரு" என்றேன். முன்வரிசையில் நின்றவர், "அது எங்களுக்கே தெரியுது மேடம்" என்றார். மேலாளருக்கு இதை எப்படி மொழிபெயர்ப்பது என்று தெரியாமல், "மன்னிப்பு கேட்கிறார்கள்" என்று கொரியனில் சொன்னேன். அவர் உடனே சமாதானமாகிவிட்டார். எனக்கு வேலை நிரந்தரமானது.

எங்கள் இன்ஜினியர் ஓரிரு வருடத்தில் மாற்றலாகி ஊருக்குப் போனார். வழியனுப்ப ஜெராக்ஸ் கடைக்காரர், தேவிகாபுரத்துக்காரர், கேபிள்காரர் எல்லாரும் வந்தார்கள். அப்பாவும் அவரும் மாறி மாறிக் குனிந்ததில் கார் கிளம்பத் தாமதமானது.

கொஞ்ச நாள் கழித்து ஆபீஸ் போனில் பேசினார். புது இடத்தில் அவர்தான் வயதில் எல்லாருக்கும் சின்னவராம். மீட்டிங் என்றால் நாற்காலி போடுவதும் தண்ணீர் வைப்பதும் அவர் வேலையாம்.

"கஷ்டமா இருக்கா?" என்று கேட்டேன்.

"வேலை பரவாயில்லை" என்றார். பிறகு, "இங்கே தினமும் புதுசா ஏதாவது கடை திறக்கிறார்கள். யாருமே என்னைக் கூப்பிடுவதில்லை" என்றார்.

விளையாட்டுக்குச் சொன்னாரா, நிஜமாகவே வருத்தமா என்று எனக்குத் தெரியவில்லை. கொரியனில் அந்த வித்தியாசம் பிடிபடும் அளவுக்கு நான் இன்னும் தேறியிருக்கவில்லை. "கூப்பிடுவாங்க" என்று மட்டும் சொன்னேன்.